காலத்தைத் திருப்ப யாருக்கு உரிமை?

காலத்தைப் பின்னுக்குத் திருப்பும் கருவி ஒன்று கையில் கிடைத்தால் என்ன செய்வாய் என்று கேட்டால், நம்மில் பெரும்பாலோர் யோசிக்காமலே பதில் சொல்லிவிடுவோம். செத்துப்போன ஒருவரைக் காப்பாற்றுவேன் என்போம். அன்பிலிருந்து வரும் பதில் என்பதால் அதை யாரும் கேள்வி கேட்பதில்லை. கேட்டுப் பார்க்கலாம் என்று தோன்றுகிறது.

1999இல் வெளிவந்த மூன்றாவது ஹாரி பாட்டர் நாவலில் 'டைம்-டர்னர்' வருகிறது. நீண்ட தங்கச் சங்கிலியில் கோத்த சின்ன மணற்கடிகை. ஒரு சுற்றுக்கு ஒரு மணி நேரம் பின்னால் போகலாம். மந்திர அமைச்சிடம் அனுமதி வாங்கி அதை ஹெர்மாயினி என்ற மாணவியிடம் கொடுக்கிறார்கள். எதற்கு? ஒரே நேரத்தில் நடக்கும் வகுப்புகள் எல்லாவற்றுக்கும் அவள் போய்வர! டியூஷனிலிருந்து டியூஷனுக்கு ஓடும் நம்மூர்ப் பிள்ளைகளைப் பார்த்தவர்களுக்கு இதில் சிரிக்க நிறைய இருக்கிறது.

நாவலின் இறுதியில் அதை மூன்று முறை சுற்றி, அவளும் ஹாரியும் இரண்டு உயிர்களைக் காப்பாற்றுகிறார்கள். ஆனால் கூர்ந்து வாசித்தால் அவர்கள் எதையுமே மாற்றவில்லை. கோடரிச் சத்தம் கேட்டு பக்பீக் என்ற விலங்கு செத்துவிட்டதாக முன்பு நினைத்தார்கள். அது அப்போதே தப்பியிருந்தது. ஏரிக்கரையில் தன்னைக் காப்பாற்றியது அப்பா என்று ஹாரி நம்பினான், காப்பாற்றியது அவனேதான். நடந்தது நடந்தபடியே இருக்கிறது. யாரும் எதையும் இழக்கவில்லை. ரவுலிங் அறச்சிக்கலைச் சாமர்த்தியமாகச் சுற்றிக்கொண்டு போய்விட்டார்.

அந்தச் சிக்கல் 2016இல் லண்டனில் மேடையேறிய 'ஹாரி பாட்டர் அண்ட் த கர்ஸ்ட் சைல்ட்' நாடகத்தில் திரும்பி வருகிறது. நாடகமாக அதில் குறைகள் உண்டு, முடிச்சுகள் தளர்வானவை. ஆனாலும் அது கேட்கும் கேள்வி கனமானது. மகன் செட்ரிக்கைப் பறிகொடுத்த கிழவர் ஏமோஸ் டிகோரி, காலத்தைத் திருப்பி அவனை மீட்டுத்தரச் சொல்லி ஹாரியிடம் மன்றாடுகிறார். ஹாரி மறுக்கிறான். அவனுடைய மகன் ஆல்பஸ், நண்பன் ஸ்கார்ப்பியஸுடன் சேர்ந்து கிழவருக்காகக் கிளம்புகிறான். திரும்பி வந்தால் ரானும் ஹெர்மாயினியும் கல்யாணமே செய்துகொள்ளவில்லை. அவர்களின் மகள் ரோஸ் இல்லை. அவள் சாகவில்லை, பிறக்கவே இல்லை. அடுத்த முயற்சியில் ஹாரி முன்பே கொல்லப்பட்டிருக்கிறான். ஆகவே ஆல்பஸும் இல்லை.

இந்த இடத்தைத் தாண்டி என்னால் எளிதில் போக முடியவில்லை. என் அண்ணன் பதினேழு வயதில் மோட்டார் சைக்கிள் விபத்தில் போனான். அதற்குப் பிறகுதான் அம்மா இன்னொரு பிள்ளை வேண்டும் என்று பிடிவாதமாக நின்று, நாற்பது வயதில் என் தங்கையைப் பெற்றார். ஒவ்வொரு திதிக்கும் படையல் போட்டுவிட்டு அம்மா ஒரே வாக்கியத்தைத்தான் சொல்வார். "அன்னிக்கு மட்டும் சாவிய ஒளிச்சி வச்சிருந்தா..." தங்கைக்குப் பதினான்கு வயதிருக்கும். வாழையிலையை மடித்துக்கொண்டே கேட்டாள். "அப்படின்னா நான் பொறந்திருக்க மாட்டேன்லம்மா?" குற்றம் சாட்டும் குரல் இல்லை. கணக்குப் பாடத்தில் சந்தேகம் கேட்பது போலத்தான் கேட்டாள். அம்மா கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, "ரெண்டு பேரும் வேணும்டி" என்றார்.

அந்த 'ரெண்டு பேரும்' என்பதை எந்த மந்திரக் கருவியாலும் தர முடியாது. பிரிட்டிஷ் தத்துவவாதி டெரக் பார்ஃபிட் 1984இல் வெளிவந்த தன் நூலில் இதை விரிவாக ஆராய்ந்திருக்கிறார். ஒருவர் கருக்கொண்ட காலம் சில வாரங்கள் தள்ளிப்போயிருந்தாலே அவருக்குப் பதில் வேறொருவர்தான் பிறந்திருப்பார் என்கிறார் அவர். அப்படியென்றால், சில ஆண்டுகள் கழித்து நாம் திரும்பிப் போய்ச் சாவியை ஒளித்துவைத்தால், அதற்குப் பின் பிறந்தவர்களில் யார் மிஞ்சுவார்கள் என்று சொல்ல முடியாது.

பிறக்காதவருக்கு என்ன இழப்பு, அவர்தான் இல்லையே என்று ஒருவர் வாதிடலாம். தர்க்கமாகச் சரிதான். ஆனால் கருவியைச் சுற்றும் கை நிகழ்காலத்தில் இருக்கிறது. அந்தக் கணத்தில் ரோஸ் இருக்கிறாள், என் தங்கை இலை மடித்துக்கொண்டிருக்கிறாள். அவர்களைக் கேட்காமல் சுற்றுவதை நான் அன்பு என்று சொல்லமாட்டேன்.

நாடகத்தில் இதற்கு ஒரே ஒரு நேர்மையான விடை இருக்கிறது. குலைந்துபோன உலகத்தில் ஸ்னேப் உயிரோடு இருக்கிறார். பழைய உலகம் திரும்பினால் தான் அங்கே இறந்தவர் என்பது அவருக்குத் தெரியவருகிறது. தெரிந்தே ஸ்கார்ப்பியஸுக்கு உதவுகிறார். அவர் விட்டுக்கொடுப்பது தன்னுடைய உயிரை. ஏமோஸ் கேட்டது மற்றவர்களுடையதை, அதுவும் கேட்கிறோம் என்று அறியாமலே.

அதற்காக ஏமோஸின் ஏக்கத்தைத் தவறென்று சொல்லும் துணிச்சல் எனக்கில்லை. இழந்தவர் ஏங்கத்தான் செய்வார். ஏக்கம் யாரையும் அழிப்பதில்லை. ஆனால் 'அன்றைக்கு மட்டும்' என்று நாம் வாய்விட்டுச் சொல்லும்போது, அதற்குப் பின் வந்தவர் யாராவது பக்கத்தில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருக்கக் கூடும். அவர் முகத்தையும் ஒருமுறை பார்த்துவிட்டுச் சொல்லலாம். செத்தவருக்கு அதனால் ஒன்றும் குறைந்துவிடாது.