நந்தவனக் கைங்கர்யம்

எம்பெருமானுக்குப் புஷ்பம் ஸமர்ப்பிக்க விரும்புவோர் முதலில் மண்ணைத் தொடவேண்டும். திருமலையில் புஷ்ப கைங்கர்யம் செய்ய முன்வருவார் யார் என்று எம்பெருமானார் வினவியபோது, குளிருக்கு அஞ்சாமல் எழுந்தவர் அனந்தாழ்வான். தேவிகளுடன் மலையேறி, ஏரி வெட்டி, நந்தவனம் அமைத்தார். கருவுற்றிருந்த தேவிகள் மண் சுமக்க, எம்பெருமானே சிறுவனாய் வந்து உதவினான் என்றும், கைங்கர்யத்தைப் பங்கிட மனமில்லாத அனந்தாழ்வான் எறிந்த கடப்பாரை அவன் திருமோவாயில் பட்டதென்றும் பெரியோர் பணிப்பர். அத்திருமோவாயில் இன்றும் பச்சைக்கற்பூரம் சாத்தப்படுகிறது.

மலர் பறிப்பது ஒரு நாழிகைப் பணி. செடியைப் பேணுவதோ நாள்தோறும் ஆகவேண்டிய பணி. உத்ஸவத்தில் திருத்துழாய்ப் பிரஸாதம் பெறும் அடியார்கள், தம் இல்லத்துத் துளசி வாடி நிற்கலாகாது என்பதை நினைக்கவேண்டும். துளசிக்கு வெயில் வேண்டும். மாடத்தில் நீர் வடிய வழி வேண்டும். நீர் தேங்கினால் வேர் அழுகும். கதிர்களை முற்றுமுன் கிள்ளினால் தளிர் பெருகும்; கிள்ளிய கதிரும் திருவாராதனத்திற்கு ஆகும்.

குடம் சுமந்து, குனிந்து களை பறிக்கும் தேகத்திற்கு ஆரோக்யமும், மனத்திற்குத் தெளிவும் வேண்டாமலே வாய்க்கும். ஆயினும் அவை பயனல்ல, கைங்கர்யமே பயன். இதனை உணர்ந்து அடியார்கள் உய்வார்களாக.