காத்து வைப்பது குற்றமா?

காவிரிப் பாலத்தைக் கடந்தால் திருவரங்கம். அங்கே கோயில் மடைப்பள்ளியில் அமுது சமைப்பவரின் மகள் ஒருத்தி. சமையற்கலையில் சிறக்க வேண்டும் என்பது அவள் கனவு. அதற்காகப் புலாலைத் தொடுகிறாள், சமைக்கிறாள், சுவைக்கிறாள். ‘அன்னபூரணி’ படத்தின் கதை இதுதான். 2023 டிசம்பர் முதல் நாள் திரைக்கு வந்தது. தணிக்கைக் குழு பார்த்துச் சான்றிதழ் தந்த படம்! அம்மாத இறுதியில் நெட்ஃபிளிக்சில் ஏறியதும் எழுந்தது புயல். இராமன் புலால் உண்டான் என்று வால்மீகியைச் சுட்டி ஒரு பாத்திரம் பேசிவிட்டதாம். காவல்துறையில் புகார், தயாரிப்பில் பங்குகொண்ட நிறுவனத்தின் மன்னிப்பு, 2024 சனவரியில் படம் மறைந்தது.

மறைந்தது! அந்தச் சொல்லைச் சற்று எண்ணிப் பாருங்கள், தோழர்களே! 1940இல் ‘தியாக பூமி’யை வெள்ளையராட்சி தடை செய்தது. ஆனாலும் அதன் சுருள் பிழைத்தது. புனே திரைப்படக் காப்பகம் அதைப் பேணுகிறது. கைவிட்ட கணவன் வழக்காட வந்தபோது, சேர்ந்து வாழ மறுத்து, வேண்டுமானால் அவனுக்கே ஜீவனாம்சம் தருவேன் என்ற பெண்ணை அதனால்தான் இன்றும் காண்கிறோம். இணையத்திலோ ஒரு பொத்தான் போதும், சாம்பல்கூட மிஞ்சாது. ‘அன்னபூரணி’ பின்னர் வேறு தளத்தில் திரும்பியது மெய்யே. ஆயினும் முதலில் வந்த வடிவத்தோடு ஒப்பிட விழையும் மாணவன் எந்த நூலகத்தின் கதவைத் தட்டுவான்?

இராமனைப் பற்றிய இந்தப் பதற்றம் திருச்சிக்குப் புதிதன்று. இங்கே வாழ்ந்து, 1979இல் இங்கேயே மறைந்த நடிகவேள் எம்.ஆர். இராதாவின் இராமாயண நாடகத்துக்கு அஞ்சித்தானே 1954இல் நாடகக் கட்டுப்பாட்டுச் சட்டம் பிறந்தது? அதே ஆண்டு ‘இரத்தக்கண்ணீர்’ படமாகிப் பிழைத்தது. இராமாயண நாடகமோ காற்றோடு போயிற்று. எந்தச் சொல்லுக்கு மக்கள் நகைத்தனர், எதற்குக் கொதித்தனர் — யார் காட்டுவார் நமக்கு?

“சரி, நம்மை இழிவு செய்யும் படங்களையும் காக்க வேண்டுமோ? சாதிப் பெருமை பேசுவது, பெண்ணை அடிமையாக்கிப் போற்றுவது, எல்லாமுமா?” என்று மடக்கினார் நண்பர் ஒருவர். உடனே விடை வரவில்லை எனக்கு. அத்தகைய படம் ஒன்றைப் பார்த்துவிட்டு வகுப்பில் வந்து அதே மொழி பேசிய சிறுவனை நான் அறிவேன்.

ஆயினும், ஆம் என்றேன். வழக்காடுபவன் சான்றை எரிக்கலாமா? எரித்தால், “அப்படி யார் சொன்னார்?” என்று நாளை நம்மையே கேட்பார்களே! காப்பது வேறு, கடைவிரிப்பது வேறு. நஞ்சையும் ஆய்வுக்கூடம் வைத்திருக்கிறது — பெயரெழுதி, பூட்டி. வயது பார்த்து, குறிப்புரை சேர்த்து, கேட்போருக்குக் காட்டட்டும் இணைய நூலகம். ஒன்றை மட்டும் நான் ஏற்கேன்: படமெடுத்ததே ஓர் உயிருக்கு இழைத்த கொடுமையாயின், குழந்தையைச் சீரழித்து எடுத்ததாயின், அது கலையன்று, குற்றத்தின் தடயம், அதற்கு இடம் நீதிமன்றம், நூலகமன்று.

நண்பர் முழுதும் ஒப்பவில்லை. “சாவி யார் கையில்?” என்றார். நல்ல கேள்வி! அரசிடம் மட்டும் இருந்தால் ஆட்சிக்கொரு பூட்டு. வணிகரிடம் மட்டும் இருந்தால் மிரட்டலுக்கொரு மன்னிப்பு. ஒரே இடத்தில் குவிப்பதும் ஆபத்து. 2003இல் புனேயில் பற்றிய தீ பழைய நைட்ரேட் சுருள்களை விழுங்கியதே! பல்கலைக்கழகம், பொது நூலகம், அறக்கட்டளை என்று பல இடங்களில் படிகள் இருக்கட்டும் என்றேன். திருச்சியில் ஒன்றை எங்கே வைப்பது என்பதில் தொடங்கியது அடுத்த வாதம்.