பட்டாவும் தர்மமும்

அய்யா உண்டு.

நிலத்துக்கு உரியவர் யார்? உழுதவரா, பத்திரம் வைத்திருப்பவரா? தென்திருவிதாங்கூர் மக்களுக்கு இது ஏட்டுக் கேள்வி அல்ல. தலைமுறை தலைமுறையாகப் பட்ட பாடு.

கொல்லம் 1008 மாசியில் அய்யா வைகுண்டர் அவதாரம் கொண்டபோது, இந்த மண்ணின் பெரும்பகுதி அரசின் பண்டாரவகையாகவும், கோயில்களின் தேவஸ்வமாகவும், ஜென்மிகளின் உடைமையாகவும் இருந்தது. பனையேறிய பலருக்குப் பனை சொந்தமில்லை. நாற்று நட்டவர்க்கு வயல் சொந்தமில்லை. அதற்கு மேல் கூலியில்லா ஊழியம், தலைவரி. இதைக் கலியின் கொடுமை என்று அய்யா மக்களுக்கு உணர்த்தினார்.

மாற்றம் மெல்ல வந்தது. 1855-ல் அடிமைமுறை ஒழிந்தது. 1865-ல் பண்டாரவகைக் குடியானவர்களுக்கு நில உரிமை கிடைத்தது. குமரி தமிழகத்தோடு இணைந்த பின், 1964-ல் வந்த சட்டம் ஸ்ரீபண்டாரவகை நிலங்களை ரயத்துவாரிக்கு மாற்றியது. இப்படி வந்ததுதான் இன்றைய பட்டா.

அந்தப் பட்டாவை வைத்திருப்பவர் இன்று என்ன செய்கிறார்? இரவோடு இரவாக எல்லைக்கல்லை நகர்த்துகிறவர் உண்டு. வாய்ப்பேச்சில் குத்தகைக்கு விட்டு, விலை ஏறியதும் உழுதவரை வெளியேற்றுகிறவர் உண்டு. பெண்ணுக்கும் சமபங்கு என்று 1989-ல் தமிழகம் சட்டம் செய்த பிறகும், உடன்பிறந்தாளிடம் விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்து வாங்குகிறவரும் உண்டு.

"எல்லாம் சட்டப்படிதானே" என்பது அவர் பதில். அன்று ஜென்மியும் அதையேதான் சொன்னார். சட்டம் அவர் பக்கம் இருந்தது, தர்மம் இல்லை. அன்று அநியாயம் என்று அழுதது, கை மாறியதும் நியாயம் ஆகிவிடுமா?

உரிமையை விட்டுக்கொடுப்பதே தர்மம் என்பதல்ல இதன் பொருள். ஏழைக்குப் பட்டாதான் கவசம். அதற்காக மனுக் கொடுப்பதும், வழக்கு நடத்துவதும் நியாயமே. பறிகொடுத்துவிட்டுப் பொறுமை என்று பேர் வைப்பது பயம். தனக்குள்ள உரிமையைக் காப்பது வேறு. எளியவர் உரிமையை விழுங்குவது வேறு. இரண்டையும் பிரித்தறிய ஒரே கேள்வி போதும்: இந்தச் சொத்தால் தன்னைவிடத் தாழ்ந்து நிற்பவர் நிமிர்கிறாரா, நசுங்குகிறாரா?

முத்திரிக்கிணற்றில் எல்லாச் சாதியாரும் ஒன்றாக நீர் இறைத்தார்கள். அந்த நீரைக் குடித்து வளர்ந்த வழியில் வந்தவர், பக்கத்து வயலின் வாய்க்காலை அடைக்கலாமா? நெற்றியில் நாமம் இட்டுக்கொண்டு, தங்கைக்குரிய பங்கைத் தன் பேருக்கு எழுதலாமா?

கலி வெளியே மட்டும் இல்லை. பேராசையாக மனத்திலும் குடியிருக்கிறது. குத்தகைக்காரருக்கு எழுத்து கொடுப்பதும், எல்லைக்கல்லை இருந்த இடத்தில் விடுவதும், உடன்பிறந்தாளுக்குரியதை அவள் கேட்கும் முன்பே தருவதும் அந்தக் கலியை அழிக்கும் தவம். தர்மயுகத்துக்கு அன்புக்கொடி மக்கள் போடும் வரப்பு அதுவே.

அய்யா உண்டு.