வேட்டுவக் குளவியும் புழுவும்

புழுவைக் கூட்டிலிட்டுக் கொட்டிக் கொட்டிக் குளவி தன்வண்ணமாக்கும் என்பது தொன்றுதொட்டு வழங்கும் நியாயம். ஞானாசிரியன் மாணாக்கனைச் சிவமாக்குதற்கு இஃது உவமையாயிற்று.

பூச்சிநூலார் கண்டதோ வேறு. குளவி தன் கொடுக்கின் நஞ்சாற் புழுவை இறவாவண்ணம் செயலறச் செய்து மட்கூட்டில் அடைக்கும். அதனோடு தன் முட்டையையும் வைக்கும். முட்டையினின்று வெளிப்படும் குஞ்சு அப்புழுவைத் தின்று வளர்ந்து குளவியாகின்றது. புழு குளவியாவதின்று, இரையாகின்றது.

உவமை பொய்த்தமையாற் பொருளும் பொய்க்குமோ எனின், பொய்க்காது. உவமை விளக்கமேயன்றி அளவையன்று. ஆயினும், காட்சியொடு முரணியதை உண்மையென மாணாக்கர்க்குப் புகட்டுதல் அறமாகாது. அன்றியும், புழு கெட்டுக் குளவியாதல்போல உயிர் கெட்டுச் சிவமாம் என மயங்குதற்கும் அவ்வுவமை இடந்தரும். முத்தியினும் உயிர் கெடாது என்பதே சித்தாந்தத் துணிபு. கொட்டி உண்பதன்று திருவருள். மலவலி கெடுத்து உயிரை வாழ்விப்பதே அது.