சொல்லுக்கு யார் பொறுப்பு?

செஞ்சிக் கோட்டையைக் காணச் செல்வோர் பலர். மலைமீதேறி, மதிலைக் கண்டு வியந்து, தேசிங்குராசன் கதை பேசித் திரும்புவர். அதே செஞ்சி வட்டாரத்தில், திண்டிவனத்திற்கும் செஞ்சிக்கும் இடையே, மேல்சித்தாமூர் என்றொரு சிற்றூர் இருக்கிறது. அதைக் காணச் செல்வோர் சிலரே. தமிழ்ச் சமணரின் தலைமை மடம் அங்கேதான் இருக்கிறது. பார்சுவநாதர் கோயிலும் இருக்கிறது. மற்றொரு கோயிலில், பாறையிலே செதுக்கப்பட்ட தீர்த்தங்கரர் உருவங்களும் பாகுபலியின் உருவமும், ஆயிரம் ஆண்டு கடந்தும் அழியாமல் நிற்கின்றன.

அந்த உருவங்கள் ஆடையற்றவை. புதிதாகக் காணும் ஒருவர் அருகிலிருப்பவரிடம் என்ன சொல்வார்? "அம்மணமாக நிற்கிறாரே!" என்பார். தமிழ்தானே பேசினோம், தவறென்ன என்று எண்ணுவார். ஆனால், அவர் வாயிலிருந்து வந்த அந்தச் சொல் எங்கிருந்து பிறந்தது? எதிரே நிற்கும் உருவத்தை வணங்குவோரின் பெயரிலிருந்து பிறந்தது! அமணர் என்பது அவர்கள் பெயர். அமணம் என்பது அவர்கள் நெறியின் பெயர். அமணமே அம்மணமாயிற்று என்பது மொழியறிஞர் பலர் காட்டும் வழி.

அமணர் என்ற சொல்லின் பழம்பொருள் என்ன? வடநாட்டில் சிரமணர் என்றும் சமணர் என்றும் வழங்கிய சொல், தமிழில் முதலெழுத்தை இழந்து அமணர் என்றும் நின்றது. பாடுபடுபவர், முயல்பவர் என்பது அதன் பொருள். பிறப்பால் உயர்வில்லை, வேள்வியால் விடுதலை இல்லை, தன் முயற்சியே தனக்குத் துணை என்று கூறியோர்க்கு அமைந்த பெயர் அது. செஞ்சிக்கு அருகே திருநாதர்குன்று என்னும் குன்றிலே 24 தீர்த்தங்கரர் உருவங்கள் வரிசையாகச் செதுக்கப்பட்டுள்ளன. அங்குள்ள பழைய கல்வெட்டொன்று, சந்திரநந்தி என்னும் ஆசிரியர் 57 நாள் உண்ணாநோன்பிருந்து உயிர்நீத்த இடம் அது என்று கூறுகிறது. பட்டினியால் உயிர்விடுவதை நாம் ஏற்கமாட்டோம். ஆனால், கொண்ட கொள்கைக்காகப் பிறரை வருத்தாமல் தன்னையே வருத்திக் கொண்ட உறுதியை அந்தக் கல் காட்டுகிறது. முயல்பவர் என்ற பெயர் அத்தகையோருக்கு வைக்கப்பட்டது. அந்தப் பெயர்தான் இன்று நம் நாவிலே ஆடையின்மையைக் குறிக்கிறது.

இந்த ஒரு சொல்லோடு நிற்கவில்லை. நிர்வாணம் என்ற சொல்லை எண்ணிப் பாருங்கள். பற்றுகள் அணைந்துபோன விடுதலை நிலைக்கு பௌத்தரும் சமணரும் வைத்த பெயர் அது. தமிழில் அதற்கும் ஆடையின்மை என்னும் பொருளே மேலோங்கிவிட்டது. பாதையில் நடந்தவனின் பெயர் அமணன். அவன் சென்றடைய விரும்பிய இடத்தின் பெயர் நிர்வாணம். இரண்டும் ஒரே குழியில் விழுந்து கிடக்கின்றன. இதைத் தற்செயல் என்று எண்ண நமக்கு மனம் வரவில்லை.

யாருடைய பெயர் இது? சீவக சிந்தாமணி தந்த திருத்தக்கதேவரும் நன்னூல் தந்த பவணந்தியும் யாப்பருங்கலக்காரிகை தந்த அமிதசாகரரும் சமணரே. தமிழுக்கு அணிபூட்டியோரின் பெயர், ஆடையின்மைக்குப் பெயராயிற்று!

எப்படி நேர்ந்தது இந்த வீழ்ச்சி? 7ஆம் நூற்றாண்டில், பல்லவ அரசவையிலும் பாண்டிய அரசவையிலும் சைவம் செல்வாக்குப் பெற்ற காலத்தைப் புரட்டிப் பாருங்கள். சம்பந்தரின் பதிகங்களில் பெரும்பாலானவற்றில், சமணரையும் பௌத்தரையும் பழிப்பதற்கென்றே ஒரு பாட்டு ஒதுக்கப்பட்டிருக்கிறது. அமணர் கூறிய கொள்கை பற்றிய வாதம் அங்கே குறைவு. அவர்கள் பறித்த தலை, கழுவாத உடல், உடுக்காத இடை ஆகியவை பற்றிய ஏளனம் மிகுதி. துறவிகளிலும் திகம்பரத் துறவிகளே ஆடை துறந்தவர்கள். இல்லறச் சமணரோ எல்லோரையும் போல் உடுத்து, உழுது, விற்று, வாழ்ந்தவர்கள். ஆயினும் சிலரின் தோற்றத்தை எடுத்து எல்லோர் பெயராகவும் ஆக்கினர். எதிரியின் கருத்தை மறுக்க உழைப்பு வேண்டும். உருவத்தை எள்ளி நகையாட உழைப்பு வேண்டியதில்லை. நகைப்பு நாவிலே தங்கிற்று, காலம் கடந்தது, நகைப்பு மறைந்து சொல் மட்டும் நின்றது.

மதுரையில் 8,000 அமணர் கழுவேற்றப்பட்டனர் என்று ஒரு கதை வழங்குகிறது. அது நடந்ததுதானா என்று ஆராய்ச்சியாளர் ஐயுறுவர். செஞ்சி வட்டாரத்திலும் ஒரு செவிவழிக் கதை உண்டு. செஞ்சியை ஆண்ட நாயக்கன் ஒருவனின் சீற்றத்திற்கு அஞ்சி, சமணர் பலர் திருநீறு பூசிச் சைவரானார்கள் என்பர். அவர்கள் வழிவந்தோரே நீறுபூசி வேளாளர் என்பர். கதையில் எவ்வளவு உண்மை என்பது ஒருபுறம் இருக்கட்டும். கழுவேற்றியது கதையாகவே இருந்தாலும், பெயரைக் கழுவேற்றியது கதையன்று. அது நம் அகராதியிலே இருக்கிறது.

இங்கே நண்பரொருவர் குறுக்கிடுகிறார்: "சொல் மாறுவது மொழியின் இயல்பு. பழையது கழியும், புதியது புகும் என்று இலக்கணமே ஒப்புக்கொள்கிறதே! அதற்கு ஏன் வருந்த வேண்டும்?" நல்ல கேள்வி. அதை ஒப்புக்கொள்ளும் நன்னூலை எழுதியவரும் ஒரு சமணர் என்பதை நண்பருக்கு நினைவூட்டிவிட்டு, விடை கூறுவோம்.

சொல் மாறும் என்பது உண்மைதான். நாற்றம் என்பது ஒரு காலத்தில் நறுமணத்தையும் குறித்தது. இன்று மூக்கைப் பொத்த வைக்கிறது. அதனால் புண்பட்டவர் எவருமில்லை. ஆங்கிலத்திற்குச் செல்வோம். அங்கே 'சில்லி' என்றோர் அடைமொழி உண்டு. இன்று அதற்கு அசட்டுத்தனமான என்று பொருள். பழைய ஆங்கிலத்திலோ, பேறு பெற்ற, மகிழ்வுற்ற என்று பொருள். பேறு பெற்றவன் சூதறியாதவன் ஆனான். சூதறியாதவன் இரங்கத்தக்கவன் ஆனான். இரங்கத்தக்கவன் வலுவற்றவன் ஆனான். 16ஆம் நூற்றாண்டின் இறுதிக்குள் அறிவிலியும் ஆகிவிட்டான். அதே குடும்பத்துச் சொல், செருமன் மொழியில் 'சேலிக்' என்ற வடிவில், இன்றும் பேறு பெற்ற என்னும் பொருளோடு வாழ்கிறது. 'நைஸ்' என்ற அடைமொழியின் பயணமோ நேர்மாறானது. அறியாமை என்னும் பொருளுடைய இலத்தீன் சொல்லிலிருந்து பிறந்து, முதலில் மூடத்தனமான என்று பொருள்பட்டு, பின்னர் நுணுக்கமான என்றாகி, 18ஆம் நூற்றாண்டில் இனிய என்னும் உயர்வை எட்டியது. வந்த சொல் எழுந்தது. இருந்த சொல் விழுந்தது.

'சில்லி' விழுந்ததற்குப் படையெடுப்பு காரணமன்று, அரசாணை காரணமன்று. சூதறியாதவனைக் கண்டால் ஏமாளி என்று எண்ணும் மனித மனமே காரணம். எனவே, விழுந்த சொல்லுக்கெல்லாம் பகைவன் ஒருவனைத் தேட வேண்டியதில்லை.

ஆனால் அதே ஆங்கிலத்தில் வேறு சில சொற்களைக் காணுங்கள். 'வில்லன்' என்றால் இன்று கொடியவன். பழம்பொருளோ பண்ணையில் பாடுபட்ட ஊரான். 'பேகன்' என்பது கிறித்தவ நெறிக்குப் புறம்பானவரைக் குறிக்கும். அதன் இலத்தீன் மூலத்திற்கு நாட்டுப்புறத்தான் என்று பொருள். 'நோபிள்' என்ற அடைமொழியோ, பெயர்பெற்ற என்பதில் தொடங்கி, உயர்குடியில் பிறந்த என்றாகி, உயர்குணமுடைய என்று மேலேறியது. உழுதவன் பெயர் கொடுமைக்கு ஆயிற்று. உழாதவன் பெயர் குணத்துக்கு ஆயிற்று! இங்கே சொல் தானாக நழுவவில்லை. பெயர் வைக்கும் உரிமை யார் கையில் இருந்ததோ, அவர் பக்கம் சாய்ந்தது.

ஆகவே, நழுவிய சொல் வேறு. தள்ளப்பட்ட சொல் வேறு. நாற்றம் நழுவியது. அமணம் தள்ளப்பட்டது.

அப்படியானால் அம்மணம் என்ற சொல்லை விலக்கிவிட வேண்டுமா? வேண்டும் என்று நாம் சொல்லவில்லை. பழம்பொருளே மெய்ப்பொருள், முதலில் சொன்னதே முடிந்த முடிவு என்று பிடிவாதம் பிடிப்பது வேதம் ஓதுவோரின் வழக்கம்; பகுத்தறிவாளரின் வழக்கமன்று. சொல்லின் பிறப்பைக் கொண்டு அதன் தகுதியை முடிவு செய்தால், மனிதனின் பிறப்பைக் கொண்டு அவன் தகுதியை முடிவு செய்தவருக்கும் நமக்கும் என்ன வேறுபாடு? குளிப்பாட்டிய குழந்தை அம்மணமாக ஓடுகிறது என்று தாய் சொல்லும்போது, சமணரை இகழும் எண்ணம் அவள் நெஞ்சில் இல்லை. கேட்கும் சமணரின் காதிலும் இழிவாகப் படுவதில்லை. அந்த நஞ்சு செத்துவிட்டது. அதன் வரலாற்றை அறிந்து வைத்திருந்தால் போதும்.

சொல்லை அளக்க நாம் கொள்ளும் கோல் இதுதான்: இந்தச் சொல் இன்று யார்மீது படுகிறது? பட்டவர் முகம் என்ன ஆகிறது?

இந்தக் கோலை எடுத்துக்கொண்டு, ஆங்கிலத்தில் வழங்கும் இன்னொரு சொல்லிடம் செல்வோம். 'பரையா' என்பது அந்தச் சொல். ஒதுக்கிவைக்கப்பட்ட என்று அதற்குப் பொருள். உலக நாடுகளால் விலக்கப்பட்ட அரசுக்கும், தெருவில் அலையும் நாய்க்கும் அதனை அடைமொழியாகச் சேர்க்கின்றனர். அந்தச் சொல் எந்த நாட்டுச் சரக்கு? நம் நாட்டுச் சரக்கு! பறையர் என்ற தமிழ்ச் சொல்லே, 17ஆம் நூற்றாண்டில் வெள்ளையர் ஏடுகளில் ஏறி, 19ஆம் நூற்றாண்டில் ஒதுக்கப்பட்ட எவரையும் குறிக்கும் பொதுச்சொல்லாகிப் பரவியது. வெள்ளையன் பொருளைத் திரித்துவிட்டான் என்று அவன்மீது பழிபோட முடியுமா? முடியாது. அவன் கண்டதைத்தான் எழுதினான். சேரியை ஊருக்கு வெளியே வைத்தது நாம். கிணற்றை மறுத்தது நாம். கோயில் கதவை அடைத்தது நாம். அமணர் பெயரைச் சைவர் இழித்தனர் என்று நூற்றாண்டுகளுக்கு அப்பால் விரல் நீட்டும் நாம், உலகத்து அகராதிக்கு நாமே அனுப்பிய இழிவை மறக்கலாமா?

அந்த நஞ்சு செத்ததா? இல்லை. இன்றும் சினம் மூண்டால் சாதிப்பெயரை வசைச்சொல்லாக வீசும் நாக்குகள் நாட்டில் உண்டு. "பழக்கத்தில் வந்துவிட்டது, தவறான எண்ணமில்லை" என்பர். எண்ணம் சொல்பவருடையது, புண் கேட்பவருடையது. புண்ணைப் பற்றித் தீர்ப்புக் கூறும் உரிமை கத்தியைப் பிடித்தவனுக்கு இல்லை.

இழிவைத் துடைக்க முன்னோர் இரண்டு வழி கண்டனர். இரட்டைமலை சீனிவாசன் 1893இல் தாம் தொடங்கிய ஏட்டுக்குப் 'பறையன்' என்றே பெயரிட்டார். எறிந்த கல்லையே எடுத்து அடிக்கல்லாக நாட்டினார். எம். சி. ராஜா மற்றொரு வழியில் சென்றார். அவர் முயற்சியால் 1922இல் சென்னை மாகாண அரசு, பழைய பெயர்களை நீக்கி ஆதி திராவிடர், ஆதி ஆந்திரர் என்னும் பெயர்களை ஏற்றது. ஒருவர் பெயரை நிமிர்த்தினார். ஒருவர் பெயரை மாற்றினார். எது சரி? இரண்டும் சரியே. ஏனெனில் இருவழியிலும், பெயர் வைக்கும் உரிமை பெயருக்கு உரியவர் கைக்கு வந்தது.

1957இல் உணவு விடுதிப் பலகைகளில் இருந்த 'பிராமணாள்' என்ற சொல்லை அழிக்கப் பெரியார் கிளர்ச்சி நடத்தியபோது, ஒரு சொல்லுக்காகவா இத்தனை ஆரவாரம் என்று கேட்டவர் உண்டு. பலகையில் இருந்தது ஒரு சொல்தான். ஆனால் உள்ளே நுழையும் மற்றவர் அனைவருக்கும் அது, எழுதாமலே, வேறொரு பெயரை வைத்தது.

நமக்கும் ஒரு பெயர் உண்டு, தோழர்களே. நாத்திகர் என்பது அந்தப் பெயர். இன்று அதற்குக் கடவுளை மறுப்பவர் என்று பொருள் கொள்கிறோம். மனுவின் நூலோ வேதத்தைப் பழிப்பவனையே நாத்திகன் என்றது. அதனால்தான் உயிரும் வினையும் மறுபிறப்பும் உண்டென்று நம்பிய சமணரும் நாத்திகர் பட்டியலில் சேர்க்கப்பட்டனர். அவர்கள் நம்பிக்கையை நாம் ஏற்கவில்லை. நம் மறுப்பை அவர்கள் ஏற்கமாட்டார்கள். ஆனால் ஒரே வசைச்சொல்லின் கீழ் இருவரும் நின்றிருக்கிறோம். நாம் அதைத் தலைகுனிந்து சுமக்கவில்லை. சட்டையில் அணிந்து வீதியில் நடந்தோம். வசை, கொள்கையின் பெயராயிற்று. விழுந்த சொல் எழும் என்பதற்கு நாமே சான்று.

ஒரு செய்தியோடு முடிப்போம். சீவக சிந்தாமணியைப் பதிப்பிக்க முனைந்த உ. வே. சாமிநாதையர், சொற்களுக்குப் பொருள் விளங்காமல் தவித்தார். கற்றறிந்த சைவர் பலரால் உதவ முடியவில்லை. கும்பகோணத்துச் சமணர் வீடுகளுக்குச் சென்று கேட்டார். வழிவழியாக அந்நூலைப் படித்துவந்த அவர்கள் பொருள் கூறினர். 1887இல் சிந்தாமணி அச்சேறியது. யாருடைய பெயரை நாம் கெடுத்தோமோ, அவர்களே நம் சொற்களின் பொருளைக் கெடாமல் காத்திருந்தார்கள்!

மேல்சித்தாமூருக்கு ஒருநாள் சென்று வாருங்கள். அங்கு வாழும் சமணர் தம்மை நயினார் என்பர். தலைவர் என்று அதற்குப் பொருள். கோயிலுக்குள் செல்வதும் செல்லாததும் உங்கள் விருப்பம். ஆனால் அந்த ஊர் மக்களை, அவர்கள் தமக்கு வைத்துக்கொண்ட பெயரால் அழையுங்கள். சேரியில் வாழ்பவரிடமும் அப்படியே, நகரில் வாழ்பவரிடமும் அப்படியே. சொல்லைச் செய்தவர் மாண்டு நூற்றாண்டுகள் ஆகின்றன. அவரை இனிக் கூண்டிலேற்ற முடியாது. இன்று அதைச் சொல்லும் வாய் நம்முடையது. பொறுப்பும் நம்முடையதே.