கதவில் ஒரு திறப்பு

வாசற்கதவு காவலுக்காக அமைந்தது. அதை அடைத்த பின்னும் பிறர் நம்மை அணுக ஒரு வழி விட்டுவைப்பது நம் கடமையா? சிறியதொரு தச்சு வேலை இக்கேள்வியை நம்முன் வைக்கிறது.

பேரூராட்சியாயிருந்து 2021ஆம் ஆண்டு தாம்பரம் மாநகராட்சியோடு இணைந்தது பீர்க்கன்கரணை. அங்குள்ள பழைய வீடுகளின் மரக்கதவுகள் பலவற்றில் கடிதம் போடத் திறப்பு கிடையாது. வீடு பூட்டியிருந்தால், தபால்காரர் கதவின் அடியில் கடிதத்தைச் செருகுவார். இல்லையேல் இரும்புக் கேட்டுக்குள் போட்டுச் செல்வார். ஐப்பசி மழைக்கு அதுவே போதும். ஆதார் கடிதம் சாதாரண தபாலில்தான் வருகிறது. தனித்து வாழும் முதியவர் ஒருவருக்கு அது நனைந்து கிழிந்தால், மீண்டும் அலைச்சல்தான்.

ஆயினும், மந்திரித்துக் குடிபுகுந்த வீட்டின் கதவை அறுக்க மனம் தயங்குகிறது. திருடன் கைவிட்டுத் தாழ்ப்பாளைத் திறப்பானோ என்ற அச்சமும் உண்டு. அது நியாயமான அச்சமே. எனவேதான் கைதேர்ந்த தச்சர் தாழ்ப்பாளுக்கு எட்டாத இடத்தில், சட்டங்களின் இணைப்பைத் தொடாமல் அறுக்கிறார். மழைச்சாரல் புகாதபடி வெளியே ஒரு மூடியும் பொருத்துகிறார். எங்கே, எவ்வளவு திறப்பது என்று அறிவதே விவேகம்.

இத்திறப்புக்கு ஒரு வரலாறு உண்டு. 1840க்கு முன் இங்கிலாந்தில் பெரும்பாலும் கடிதத்தைப் பெறுபவரே கூலி கொடுத்தார். ஆகவே தபால்காரர் காசுக்காக வாசலில் காத்து நின்றார். அவ்வாண்டு, அனுப்புபவரே அஞ்சல்தலை ஒட்டிச் செலுத்தும் முறை வந்தது. கதவுத் திறப்புக்கு அப்போதுதான் வழி பிறந்தது. இந்தியாவிலும் 1854இல், தூரம் எதுவாயினும் கால் தோலா எடைக்குட்பட்ட கடிதத்துக்கு அரையணா என ஒரே கட்டணம் ஏற்பட்டது. விலையை அனுப்புபவர் ஏற்கிறார்; பெறுபவர் இடம் மட்டும் தருகிறார். அருள்கொடையின் இயல்பும் இதுவன்றோ?

ஆனால் இலவசமாய் வருவது எளிதாய் இருக்கும் என்பதில்லை. புனித பவுல் பிலமோனுக்கு எழுதிய மடல், அவருடைய வீட்டில் கூடிய சபைக்கும் எழுதப்பட்டது. அவரைவிட்டுப் பிரிந்த அடிமை ஒனேசிமுவைச் சகோதரனாக ஏற்க வேண்டும் என்பதே அதன் வேண்டுதல். கடிதத்தை உள்ளே விட்டவர், அதைக் கொண்டுவந்த மனிதனையும் உள்ளே விட வேண்டியதாயிற்று!

டென்மார்க்கில் அரசுடைமை அஞ்சல் நிறுவனம் 2025ஆம் ஆண்டின் இறுதியில் கடித விநியோகத்தை நிறுத்திவிட்டது. இனித் திறப்பு எதற்கு என்று கேட்போரும் உளர். கைப்பேசியில் வேண்டாதவரை ஒரு விரலசைவில் தடுத்துவிடலாம். கதவுத் திறப்போ யார் எழுதினார் என்று பார்த்து மூடிக்கொள்வதில்லை. வெகுநாள் பேசாதிருந்த உடன்பிறந்தவரின் மன்னிப்புக் கடிதமும் அதன் வழியே விழலாம். நாம் தெரிந்தெடுக்காதவருக்கும் இடமளிக்கும் அந்த ஒரு சாண் வெளியை, நம் வீட்டுக் கதவிலும் உள்ளத்திலும் காத்துக்கொள்வோம்.