கதையைச் சொல்பவர் யார்?

உலகெங்கும் வழங்கும் தொன்மங்களைத் திரட்டி, ஜேம்ஸ் ஃபிரேசர் 1890இல் 'பொற்கிளை' என்னும் நூலை வெளியிட்டார். மாண்டு உயிர்த்தெழும் தெய்வங்கள் பல நாட்டுக் கதைகளில் உண்டு என்று அந்நூல் காட்டியபோது, நற்செய்தியும் அவற்றுள் ஒன்றுதானோ என்ற ஐயம் பலர் உள்ளத்தில் எழுந்தது.

பிரான்சில் பிறந்த அறிஞர் ரெனே ஜிரார் (1923–2015) அந்த ஒப்புமையை மறுக்கவில்லை. கதையைச் சொல்பவர் யார் என்று கேட்டார். கிரேக்கத் தொன்மத்தில் தீப்ஸ் நகரைக் கொள்ளைநோய் வாட்டுகிறது. மன்னன் ஈடிப்பஸின் பாவமே காரணம் என்கிறது ஊர். கதையும் அதை ஒப்புகிறது. 14ஆம் நூற்றாண்டில் ஐரோப்பாவில் கொள்ளைநோய் பரவியபோது, யூதர் நீர்நிலைகளில் நஞ்சிட்டனர் என்று கியோம் த மஷோ என்ற பிரெஞ்சுக் கவிஞர் எழுதினார். அதை இன்று நாம் நம்புவதில்லை. அங்ஙனமாயின், ஈடிப்பஸின் குற்றத்தை மட்டும் நம்புவதேன்? 1982இல் வெளிவந்த 'பலியாடு' நூலில் ஜிரார் எழுப்பிய வினா இது.

நற்செய்தியிலும் கூட்டம் ஒரே குரலில் கூவுகிறது; ஒருவர் கொல்லப்படுகிறார். ஆனால் கதை கூட்டத்தின் பக்கம் நிற்கவில்லை. கொல்லப்பட்டவர் மாசற்றவர் என்று சாற்றுகிறது. வேற்றுமை இதுவே.

ஆகவே, ஊரார் அனைவரும் ஒருமித்து ஒருவரைக் குற்றவாளி என்று சுட்டும் வேளையில், அந்த ஒருமிப்பே நம்மை அஞ்சச் செய்ய வேண்டும். சிலுவையை வணங்கிய கைகள் கூட்டத்தோடு சேர்ந்து கல்லெடுத்தல் தகுமோ?